சத்தம் கோபித்துக்கொண்ட ஊர்

ஒரு பக்கம் கடல், மறு பக்கம் உப்பளம், நடுவில் நாலு தெருவும் ஒரு பஸ் நிலையமுமாக இருக்கிற அளத்தங்கரையில், வியாழக்கிழமை சாயங்காலம் ஆறு மணி ஆகிவிட்டால் எந்த வாசலைக் கடந்தாலும் இசக்கியம்மாளின் குரல்தான் கேட்கும். அடுப்படி ஜன்னலில், சலூன் கண்ணாடிக்குப் பக்கத்தில், மீன் ஏலக் கொட்டகையின் தூணில், எங்கெல்லாம் ஒரு ரேடியோப் பெட்டி தொங்குகிறதோ அங்கெல்லாம் அவள் உட்கார்ந்துகொண்டு, உப்புக்கல் ஏன் சதுரமாகவே விளைகிறது, மீன் கண்ணை மூடாமல் எப்படித் தூங்குகிறது, முதல் தோசை மட்டும் ஏன் கல்லோடு சண்டை போடுகிறது என்று ஊருக்குச் சொல்லிக்கொண்டிருப்பாள். பெண்கள் பள்ளிக்கூடத்தில் அவள் இயற்பியல் டீச்சர். ஊர் சேர்ந்து நடத்துகிற சமுதாய வானொலியில் 'எப்படி இப்படி?' என்கிற அந்த அறிவியல் நிகழ்ச்சி அவளுடையது. ஒலிபரப்பு முடிந்ததும் நிலைய மேலாளர் தஸ்நேவிஸ் அதை பாட்காஸ்ட்டாக இணையத்தில் ஏற்றிவிடுவார். மஸ்கட்டிலும் குவைத்திலும் இருக்கிற ஊர்க்காரர்கள் சட்டைக்கு இஸ்திரி போட்டபடி கேட்பார்கள்.

இசக்கிக்கு ஒரு பிடிவாதம் உண்டு. ரேடியோவில் தப்பாக ஒரு சொல் சொல்லிவிடக் கூடாது. ஒரு தடவை திமிங்கலத்தின் எடையைச் சொல்வதற்காக மூன்று புத்தகங்களைப் புரட்டி, மூன்றும் மூன்று விதமாகச் சொன்னதால், "திமிங்கலம் ரொம்பக் கனம்" என்று மட்டும் சொல்லி முடித்தவள்.

அப்படிப்பட்டவள் அந்த வியாழக்கிழமை, மின்னல் முதலில் தெரிந்து இடி ஏன் பிறகு கேட்கிறது என்று விளக்கும்போது, கேட்கிறவர்களுக்கு ருசியாக இருக்கட்டுமே என்று ஒரு வார்த்தை சேர்த்துக்கொண்டாள். "வெளிச்சம் இருக்கே, அது பறக்கும். சத்தம் அப்படி இல்ல. சத்தம் சுத்தச் சோம்பேறி. கிளம்புறதுக்கே யோசிக்கும்" என்றாள். வணக்கம் சொன்னாள், மைக்கை அணைத்தாள், வெளியே வந்தாள். முற்றத்தில் தஸ்நேவிஸ் அவளைப் பார்த்து வாயைத் திறந்து மூடினார். என்னவோ கொட்டாவி போல என்று நினைத்து அவரைத் தாண்டி ஸ்கூட்டருக்குப் போய், கைப்பைக்குள் சாவியைத் துழாவிக்கொண்டு நின்றபோது, "டீச்சர், இன்னைக்கு புரோகிராம் அருமை" என்று அவருடைய குரல் பின்னால் வந்து சேர்ந்தது. திரும்பிப் பார்த்தாள். அவர் எப்போதோ எதிர்க்கடைக்குப் போய்ப் பாதி டீயைக் குடித்திருந்தார்.

அன்றிலிருந்து அளத்தங்கரையில் சத்தம் மெதுவாகத்தான் போயிற்று. மல்லிகைப்பூ வாசம் ஒரு அறையிலிருந்து இன்னொரு அறைக்கு எப்படிப் போகுமோ, கருவாட்டு வாடை தெருமுனையிலிருந்து எப்படி வருமோ, அப்படி நடக்கிறவனுக்கும் பிந்தி, காற்று தள்ளினால் தள்ளின பக்கம், சந்து முடுக்கு கண்டால் முடுக்குக்குள் ஒதுங்கி, ஆற அமரப் போயிற்று. இது ஏன் என்று ஆச்சரியப்படுவதற்கு விடிகாலையில் யாருக்கும் நேரம் இல்லை. பால் வாங்க வேண்டும், தண்ணீர் பிடிக்க வேண்டும், பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்ப வேண்டும். எனவே பால்காரர் மணி அடிப்பதை விட்டுவிட்டு வீட்டுக்குள்ளேயே வந்து தோளைத் தொட்டார். டீக்கடை மாஸ்டர் வருகிறவர்களின் முகத்தைப் பார்த்தே சர்க்கரை கூடவா குறையவா என்று முடிவு செய்துகொண்டார். அவர்கள் குடித்துவிட்டுப் போனபிறகு "சர்க்கரை கம்மி" என்று ஒரு குரல் வந்து காலி பெஞ்சுக்கு மேலே நிற்கும். சர்ச்சில் மணி அடிக்கிற கோயில்பிள்ளை ஞாயிற்றுக்கிழமைப் பூசைக்கு சனிக்கிழமை சாயங்காலமே மணி அடித்தார். கல்யாண வீட்டில் கெட்டிமேளம் வந்து சேர்ந்தபோது மாப்பிள்ளையும் பெண்ணும் பாயசத்தில் இருந்தார்கள், எச்சில் கையோடு எழுந்து நின்று மறுபடி ஒருதரம் கும்பிட்டுவிட்டு உட்கார்ந்தார்கள். டவுன் பஸ்ஸின் ஹாரன் பஸ்ஸுக்குப் பின்னால் வந்ததால், கண்டக்டர் கீழே இறங்கி, சிவப்புத் துண்டை ஆட்டிக்கொண்டு பஸ்ஸுக்கு முன்னால் நடந்தார். அப்படியும் இரண்டு ஆடுகள் அடிபட்டன.

காதோடு ஒட்டினால் மட்டும் ஒரு குறையும் இல்லை. போனைக் காதில் வைத்துக்கொண்டால் குவைத்துக்காரன் பேசுவது பளிச்சென்று கேட்டது. ரேடியோவைத் தூக்கிக் காதில் அணைத்துக்கொண்டால் பாட்டு ஓடியது. எதிரெதிர்த் திண்ணையில் உட்கார்ந்திருக்கிற இரண்டு பேர் ஒருவரையொருவர் பார்த்தபடியே போனில் பேசிக்கொண்டார்கள்.

நகரத்திலிருந்து ஒரு நிபுணர் கருவிகளோடு வந்தார். கடற்கரையில் கம்பங்களை நட்டு ஒரு வேட்டு போட்டு அளந்தார். கருவியின்படி சத்தத்தில் எந்தக் கோளாறும் இல்லை. அதைக் கூட்டத்தில் விளக்கிச் சொல்லிவிட்டுக் காரில் ஏறிப் போனார். அவர் சொன்னது பின்வரிசைக்கு வந்து சேர்ந்தபோது கார் தேசிய நெடுஞ்சாலையைத் தொட்டிருக்கும். எல்லோரும் மரியாதையாகக் கடைசிவரை உட்கார்ந்து கேட்டார்கள்.

இசக்கியின் வீட்டில் இந்த மாற்றம் வேறு விதமாக வந்தது. அவள் புருஷன் சுயம்புலிங்கம் லேத் பட்டறை வைத்திருக்கிறவன், மிஷின் சத்தத்துக்கு மேலே கத்திக் கத்தி வீட்டிலும் கத்திப் பேசியே பழகினவன். துண்டு எங்கே என்பதைக் குளியலறையிலிருந்தும், சாப்பாடு ரெடியா என்பதை மாடியிலிருந்தும் கேட்பான். இப்போது ஒவ்வொன்றுக்கும் அவன் இறங்கி வந்து, அவள் காதுப்பக்கம் குனிந்து, சொல்லவேண்டியிருந்தது. கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அவன் மீசையில் மிஷின் எண்ணெய் வாசத்துக்கு அடியில் ஏலக்காய் வாசமும் இருக்கிறது என்பது இசக்கிக்குத் தெரியாமலே இருந்தது.

ஊரில் சண்டைகளும் உருமாறின. குழாயடியில் ஒருத்தி இன்னொருத்தியை நாக்கில் நரம்பில்லாமல் ஏசிவிட்டால், அந்த ஏச்சு போய்ச் சேர நேரம் எடுத்தது. அதற்குள் ஏசினவளுக்கு மனசு மாறிவிட்டால் அவள் குடத்தைப் போட்டுவிட்டு ஓடி, தன் வார்த்தையை முந்திக்கொண்டு போய், எதிராளியின் இரண்டு காதையும் தன் உள்ளங்கையால் பொத்திக்கொள்ளலாம். இருவரும் அப்படியே நிற்பார்கள். வார்த்தை வந்து, கைகளில் முட்டி, கடந்துபோகும். "போய்ட்டா?" என்று ஒருத்தி கண்ணால் கேட்பாள். "போய்ட்டு" என்று மற்றவள் தலையாட்டுவாள். பிறகு கையை எடுத்துவிட்டுத் தண்ணீர் பிடிப்பார்கள். மறந்தும் காதைப் பொத்த வராதவர்களோடு யாரும் சம்பந்தம் வைத்துக்கொள்ளவில்லை.

எல்லாம் ஒழுங்காகத்தான் நடந்தது. ஆனாலும் வியாபாரம் என்று ஒன்று இருக்கிறதே. ஏலக் கொட்டகையில் யார் முதலில் கேட்டது என்று நிர்ணயிக்க முடியாமல் மீன் அழுகியது. வணிகர் சங்கத் தலைவர் வேதமாணிக்கம் அண்ணாச்சி நாலு பேரைக் கூட்டிக்கொண்டு வானொலி நிலையத்துக்கு வந்தார். ஐந்து பேரும் இசக்கியைச் சுற்றித் தலையோடு தலை முட்டுகிற மாதிரி நாற்காலிகளை நெருக்கிப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார்கள்.

"டீச்சர், உங்கள நாங்க குத்தம் சொல்லல" என்று அண்ணாச்சி தொடங்கினார். "ஆனா நீங்க அன்னைக்கு மைக்குல அதப் போயி சோம்பேறின்னுட்டிய. ஊரே கேட்டுது. அதுவும் கேட்டுருக்கும்லா?"

"எது?"

"சத்தம்."

இசக்கி அவர் விளையாடுகிறாரா என்று பார்த்தாள். அவர் விளையாடவில்லை.

"பச்சப்புள்ளைக்குக் கூட ரோசம் இருக்கு டீச்சர். நாலு பேரு முன்னால வஞ்சா யாருக்குத்தான் கோவம் வராது? 'நான் சோம்பேறியா, இந்தா பாரு சோம்பேறின்னா எப்படி இருக்கும்னு காட்டுதேன்'னு அது இப்படி நடக்கு. நீங்க வார வியாழக்கிழமை, அதே மைக்குல, அதே நேரத்துல, ஒரு மன்னிப்பு கேட்டுருங்க. பெரிசா வேண்டாம். ஒரு வார்த்தை."

"அண்ணாச்சி, சத்தம்னா காத்தோட அதிர்வு. அதுக்குக் காதும் கிடையாது, ரோசமும் கிடையாது."

"சரி. காது கிடையாது. அப்ப மன்னிப்பு கேட்டா மட்டும் அதுக்குத் தெரியவா போவுது? கேட்டுத்தான் பாருங்களேன்."

இசக்கிக்குக் கோபம் வந்தது. "அறிவியல் நிகழ்ச்சியில உக்காந்து அலைகிட்ட மன்னிப்பு கேட்டேன்னா, நாளைக்கு புவியீர்ப்புக்குப் பொங்கல் வைக்கச் சொல்லுவிய. நான் மாட்டேன்" என்றாள்.

புவியீர்ப்பு என்ற சொல்லைக் கேட்டதும் ஐந்து பேரும் அவசரமாக எழுந்து, "அதப் பத்தி மட்டும் பேசிராதிய டீச்சர், மாடியில புள்ளைங்க விளையாடுது" என்று கும்பிட்டுவிட்டுப் போனார்கள்.

தஸ்நேவிஸ் இரண்டு மனசாக இருந்தார். ஊரில் எல்லாக் காதும் இப்போது ரேடியோவில் ஒட்டியிருந்தது. பாட்காஸ்ட்டுக்குக் கீழே வெளியூர்க்காரர்கள் 'சவுண்ட் எஃபெக்ட் பிரமாதம்' என்று எழுதினார்கள். ஆனால் சாயங்காலம் கடற்கரையில் கூடிப் பேசுகிறவர்கள் முன்னால் அவர் முகத்தைக் காட்ட முடியவில்லை. சுயம்புவும் காதுப்பக்கம் குனிந்து, "ரெண்டு வார்த்தைதானே, சொல்லிட்டுப் போயேன்" என்றான். இசக்கி தலையைத் திருப்பிக்கொண்டாள். அவன் குனிந்தபடியே கொஞ்ச நேரம் நின்றான்.

அப்போதுதான் புஷ்பம் வந்தாள்.

மரியபுஷ்பம் கடற்கரைத் தெருவில் வலை பின்னுகிறவள். சத்தம் மெதுவான அதே வியாழக்கிழமை சாயங்காலம் அவள் புருஷன் கஸ்பார் தனியாக ஃபைபர் படகை எடுத்துக்கொண்டு போனான். மறுநாள் படகு மட்டும் பாதி வலையோடு கிடைத்தது. ஆளைத் தேடாத இடம் இல்லை. கல்லறைத் தோட்டத்தில் அவனுடைய சட்டையை வைத்துத்தான் சிலுவை நட்டார்கள். துக்கத்துக்கு இசக்கியும் போயிருந்தாள்.

புஷ்பம் பள்ளிக்கூட வாசலில் காத்திருந்து, இசக்கியை ஓரமாக இழுத்துக்கொண்டு போய்ச் சொன்னாள்.

"டீச்சர், மன்னிப்புக் கேட்டுராதிய. கொஞ்ச நாளு பொறுங்க."

"நான் கேக்கல புஷ்பமக்கா. யாரு சொன்னா?"

"கேக்க வச்சிருவாவ. அதுக்கு முன்னால ஒண்ணு கேளுங்க. அன்னைக்கு அவிய, கடலுக்குள்ள நீட்டிக் கிடக்குல்லா, அந்தத் தூண்டில் பாலத்தத் தாண்டிப் போயி, படகுல எந்திரிச்சு நின்னு, வாயில கைய வச்சு என்னப் பாத்து ஏதோ சத்தம் போட்டாவ. நான் கரையில நிக்கேன். ஒண்ணும் கேக்கல. கேக்கலன்னு கைய ஆட்டுனேன். அவியளும் கைய ஆட்டிட்டுப் போய்ட்டாவ." அவள் மூச்சு வாங்கினாள். "அந்தச் சத்தம் இன்னும் கரைக்கு வரல டீச்சர். அங்கனதான் கிடக்கு. பகல்ல கடக்காத்து கரைக்குத் தள்ளுது, ராத்திரி கரக்காத்து உள்ள இழுத்துட்டுப் போயிருது. போற வார படகெல்லாம் கேட்டுருக்கு. ஆனா என்ன சொன்னாவன்னு ஒருத்தனுக்கும் புரியல. தலைகீழா கேக்குங்கான் ஒருத்தன். வெறும் கீச்சுன்னு கேக்குங்கான் ஒருத்தன்."

புஷ்பம் கேட்கப் போவது என்ன என்று இசக்கிக்குத் தெரிந்துவிட்டது.

"நெஞ்சு வலிக்குன்னு கூப்புட்டாவளோ? காப்பாத்துன்னு கூப்புட்டாவளோ? நான் கேக்கலன்னு கைய ஆட்டி அனுப்பி வச்சேனோ? அதத் தெரியாம நான் எப்படிச் சோறு திங்க?"

அப்படித்தான் கூப்பிட்டிருந்தான் என்றால், தான் வேடிக்கைக்குச் சொன்ன ஒரு வார்த்தை ஒரு ஆளைக் கடலில் விட்டுவிட்டது என்று அர்த்தம். சத்தத்துக்கு ரோசம் கிடையாது என்று இசக்கிக்கு நன்றாகத் தெரியும். தெரிந்தும் அன்று சாயங்காலம் சாப்பாடு இறங்கவில்லை. சுயம்பு தட்டைப் பார்த்தான், மோரை நகர்த்தி வைத்தான்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் கஸ்பாரின் தம்பி சூசை படகை ஓட்ட, புஷ்பமும் இசக்கியும் கடலுக்குப் போனார்கள். தஸ்நேவிஸ் வற்புறுத்திக் கொடுத்த ஒலிப்பதிவுக் கருவி இசக்கியின் மடியில் இருந்தது. தூண்டில் பாலத்தைத் தாண்டிக் கொஞ்ச தூரம் போனதும் சூசை, "இங்கனதான் மைனி, நேத்து அந்தோணி படகு கேட்டது" என்று சொல்லி வேகமாக வட்டமடித்தான். எங்கிருந்தோ கிழிந்த துணி போல ஒரு கீச்சு வந்து போனது. புஷ்பம் அலறினாள், "அவியதான்! அவிய குரல்தான்!"

சூசை படகைத் திருப்பி அந்தக் குரலைத் துரத்தினான். குரலை முந்தினபோது அது பின்னாலிருந்து முன்னால் ஓடியது, கடைசிச் சொல் முதலிலும் முதல் சொல் கடைசியிலுமாக, எந்த பாஷையும் இல்லாத ஒரு பாஷையில்.

"நிப்பாட்டுங்க" என்று இசக்கி அவன் தோளைப் பிடித்தாள். "துரத்துனா தலைகீழாத்தான் கேக்கும். எதிர்த்து ஓடுனா கீச்சுன்னு போயிரும். அது வார வழியில போயி, மோட்டார அணைச்சுட்டுச் சும்மா நிக்கணும். அதுவா நம்மளக் கடந்து போகட்டும்."

கடற்காற்று கரையை நோக்கி அடித்தது. சூசை கரைப்பக்கமாகப் படகைக் கொண்டுபோய் நிறுத்தி, மோட்டாரை அணைத்தான். மோட்டாரின் இரைச்சல் மெல்ல விலகிப் போகும்வரை மூவரும் காத்திருந்தார்கள். படகு ஆடியது. புஷ்பம் கருவியைப் பார்த்தாள்.

"அது ஓடுதா டீச்சர்?"

"ஓடுது."

"அணைச்சிருங்க. அவிய ஏசியிருந்தாலும் ஏசியிருப்பாவ."

இசக்கி அணைத்தாள். அப்புறம் கஸ்பாரின் குரல் வந்தது. முதலில் மோட்டார்ப் பக்கம் இருந்த சூசைக்குக் கேட்டது, அவன் முகம் கோணிற்று. பிறகு நடுவிலிருந்த புஷ்பத்துக்கு. கடைசியாக இசக்கிக்கு. நல்ல கனத்த குரல், அவசரமே இல்லாத குரல், வெற்றிலை போட்ட வாயோடு பேசுகிற மாதிரி.

"ஏட்டி புஷ்பம்... வீட்ல தண்ணி மோட்டார் போட்டேன்... அணைக்க மறந்துட்டேன்... தொட்டி ரொம்பி வழியும்... போயி அணைச்சுப்போடு..."

அவ்வளவுதான். அது அவர்களைக் கடந்து கரைப்பக்கம் போயிற்று.

புஷ்பம் சிரித்தாள். சிரிப்பு படகு முழுக்கப் பரவுவதற்கு முன்பே அவள் அழத் தொடங்கியிருந்ததால், அவள் முகத்தில் அழுகையும் காதில் சிரிப்புமாக இசக்கி குழம்பிப்போனாள். "தெருவெல்லாம் தண்ணி டீச்சர், அன்னைக்கு! பக்கத்து வீட்டுக்காரி வந்து கத்துதா. 'இந்த மனுசன் வரட்டும், வச்சுக்கிடுதேன்'னு வஞ்சுட்டுப் போயி அணைச்சேன்!" என்று சொல்லி நெஞ்சில் அடித்துக்கொண்டாள். பிறகு எழுந்து, சூசையின் தோளைப் பிடித்து நின்று, ஆழ்கடல் பக்கம் திரும்பி, வாயில் கையை வைத்து, "அணைச்சுட்டேன்யா!" என்று கத்தினாள். இன்னும் ஏதோ சொல்ல வந்தாள். கொழுந்தன் இருக்கிறான், டீச்சர் இருக்கிறாள் என்று வெட்கப்பட்டு உட்கார்ந்துவிட்டாள்.

கரையில் ஊர் காத்திருந்தது. செய்தி பரவிற்று, அதாவது வீடு வீடாக நடந்து போயிற்று. சங்கக் கூட்டத்தில் வேதமாணிக்கம் அண்ணாச்சி தானே முன்வந்து சொன்னார்: அந்தப் பிள்ளை புஷ்பம் தன் புருஷனுக்குப் பதில் சொல்லி அனுப்பியிருக்கிறது, அது போய்ச் சேருகிறவரைக்கும் மன்னிப்புப் பேச்சை யாரும் எடுக்கக் கூடாது, மீன் அழுகினால் அழுகட்டும். போய்ச் சேருவதென்றால் எங்கே என்று ஒருவரும் கேட்கவில்லை. ராத்திரிக் கரைக்காற்று அடிக்கிறபோதெல்லாம் கடற்கரைத் தெருவில் பேச்சை நிறுத்திக்கொண்டார்கள், அவள் சொல்லோடு இவர்கள் பேச்சும் சேர்ந்து போய் அவனைக் குழப்பிவிடக் கூடாதென்று.

அந்த நாட்களில் இசக்கி ஒன்றைப் பற்றியே யோசித்துக்கொண்டிருந்தாள். கஸ்பார் உதவிக்குக் கூப்பிடவில்லை, தன்மேல் பழி இல்லை. யாரும் இப்போது தன்னை நெருக்கவும் இல்லை. நெருக்காதபோது அந்த வாக்கியத்தை எடுத்து வைத்துப் பார்த்தாள். சத்தம் சோம்பேறி. ஒரு அலை அது போகவேண்டிய வேகத்தில்தான் போகும். அதில் சோம்பல் எங்கே இருக்கிறது? திமிங்கலத்துக்கு மூன்று புத்தகம் பார்த்தவள் இதற்கு ஒன்றும் பார்க்கவில்லை. தப்பு தப்புதான்.

அடுத்த நிகழ்ச்சியில் அவள் சொன்னாள்: "சத்தத்தைச் சோம்பேறின்னு இந்த நிகழ்ச்சியில சொன்னேன். அது அறிவியல்படி தப்பு. அலைக்குச் சோம்பலும் கிடையாது, சுறுசுறுப்பும் கிடையாது. திருத்திக்கிடுதேன்."

ஊர் முழுக்கக் காதை ரேடியோவிலிருந்து எடுத்துவிட்டுக் காத்திருந்தது. ஒன்றும் நடக்கவில்லை. மறுநாளும் கண்டக்டர் சிவப்புத் துண்டோடு பஸ்ஸுக்கு முன்னால் நடந்தார். "கேட்ட விதம் சரியில்ல, பள்ளிக்கூடத்துல விடைத்தாள் திருத்துத மாதிரி கேட்டாவ" என்று சிலர் சொன்னார்கள். இசக்கிக்கு உள்ளூர நிம்மதி. சத்தத்துக்குக் காது கிடையாது என்பது நிரூபணமாயிற்று.

அதற்குப் பிந்தின ஒரு காலையில், யாரும் எதுவும் செய்யாதபோது, வேதமாணிக்கம் அண்ணாச்சி வீட்டு குக்கர் விசிலடித்தது. நாலு தெருவும் ஒரே நேரத்தில் அதைக் கேட்டது. கையில் இருந்ததை எல்லோரும் கீழே போட்டார்கள். பாத்திரங்கள் விழுந்த சத்தமும் உடனே கேட்டதால் மறுபடியும் பயந்தார்கள். முடுக்குகளில் ஒதுங்கிக் கிடந்த பழைய பேச்செல்லாம் ஒரேயடியாகக் கிளம்பி, "சர்க்கரை கம்மி"யும், கெட்டிமேளமும், காது பொத்தித் தப்பவிட்ட ஏச்சுகளும் ஒன்றாகக் கலந்து, எது யாருக்கு என்று தெரியாமல், ஒரு பெருமூச்சு போல ஊருக்கு மேலே எழும்பிப் போயின. மத்தியானத்துக்குள் ஏலக் கொட்டகையில் அடிதடி. சாயங்காலம் சுயம்பு மாடியிலிருந்து "ஏ இசக்கி!" என்று கத்தினான். கத்திவிட்டுக் கொஞ்ச நேரம் நின்று, இறங்கி வந்து, கேட்கவேண்டியதைப் பக்கத்தில் வந்து கேட்டான்.

அந்த வாரம் நேயர் கேள்வி நேரத்தில் முதல் போன் புஷ்பத்தினுடையது. ஊர் முழுக்கக் கேட்டுக்கொண்டிருந்தது.

"டீச்சர், நான் புஷ்பம். ஒரு கேள்வி. அன்னைக்கு நான் கடல்ல பதில் சொன்னேன்லா, அது இப்ப எங்கன இருக்கும்? போய்ச் சேந்துருக்குமா?"

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தஸ்நேவிஸ் இரண்டு கையையும் கூப்பி, ஆமாம் என்று சொல்லுங்கள் என்று தலையை ஆட்டினார். ஒரு சொல். போய்ச் சேர்ந்துவிட்டது என்று சொன்னால் யாருக்கு நஷ்டம்? எந்தக் கருவி வந்து அளக்கப் போகிறது? இசக்கி மைக்கைப் பார்த்தாள். இந்த மைக்கில் சும்மா ருசிக்காகச் சேர்த்த ஒரு வார்த்தையை நினைத்தாள்.

"புஷ்பமக்கா, உங்ககிட்ட நான் பொய் சொல்ல மாட்டேன்" என்றாள். "சத்தம் போகப் போக மெலிஞ்சுரும். கேக்குத மாதிரி ரொம்ப தூரம் போகாது. யாரு காதுலயும் விழுந்துருக்காது."

தஸ்நேவிஸ் கையைக் கீழே விட்டார்.

"அப்ப அது காணாமப் போயிட்டா?"

"காணாமப் போகாது. அதுக்குள்ள இருந்த தெம்பு இருக்குல்லா, அது போற வழியில காத்தையும் தண்ணியையும் ரொம்ப ரொம்ப லேசாச் சூடாக்கிட்டு, அந்தச் சூடாவே தங்கிரும். தொட்டா தெரியாது. எந்தக் கருவிக்கும் தெரியாது. ஆனா நீங்க சொன்னதால கடல் அந்த இத்துணூண்டு கூடுதல் சூடா இருக்கும். அது உண்மை. எந்தப் புத்தகத்துல வேணும்னாலும் பாத்துக்கிடலாம்."

அளத்தங்கரையில் அப்போது ஒரு பாத்திரமும் ஓசைப்படவில்லை.

"முன்னமே சொல்லியிருக்கலாம்லா டீச்சர்" என்றாள் புஷ்பம், கொஞ்சம் கோபமாகவே. "வெக்கத்தப் பாக்காம இன்னும் ரெண்டு வார்த்தை கூடச் சொல்லியிருப்பேன். அவியளுக்குக் குளிரு ஆகாது."